ஆட்டுக்காரர் கொடுக்கும் கூழ்



நல்ல ஆயனுடைய படம் இல்லாத வீடு நம் பங்கில் அநேகமாய் இராது. நமதாண்டவர் தோளின்மேல் ஒரு குட்டியைச் சுமந்து, கையில் கோல் பிடித்து நிற்கிற அந்தப் படத்தைப் பார்த்துத்தான் நம் பிள்ளைகள் வளருகிறார்கள். நல்லதுதான். ஆனால் இன்று பூசை முடிந்து வீட்டுக்குப் போனதும் பிள்ளைகளை உட்காரவைத்துச் சில கேள்விகள் கேட்டுப் பாருங்கள். செம்மறி எது, வெள்ளாடு எது, எப்படிக் கண்டுபிடிப்பது? ஆடு எத்தனை மாதம் சினையாயிருக்கும்? காலையில் எப்போது அதை மேய்ச்சலுக்கு அவிழ்த்து விடுவார்கள், ஏன்? பிள்ளைகள் விழிப்பார்கள், தாய் தகப்பன்மாரின் முகத்தைப் பார்ப்பார்கள். நீங்களும் விழித்தால் வெட்கப்பட வேண்டாம். பட்டணத்து வாழ்க்கை நம்மெல்லாரையும் அப்படி ஆக்கியிருக்கிறது.

ஆனாலும் ஒன்றை யோசிக்க வேண்டும். சேசுநாதர் தம்மை ஆயன் என்று சொன்னபோது, கேட்டுக்கொண்டிருந்த ஜனங்களுக்கு ஆயன் யாரென்று தெரியும். அவன் எப்போது எழும்புவான், எங்கே படுப்பான், எதற்குப் பயப்படுவான் என்பதெல்லாம் அவர்கள் தினமும் கண்ட சங்கதி. ஆகையால் உவமை அவர்கள் நெஞ்சில் உடனே இறங்கிற்று. நமக்கோ உவமையின் ஒரு பாதி தெரியாமற் போயிற்று. வீதியிலே நடமாடுகிற ஆயனை அறியாதவன், சுவிசேஷத்திலுள்ள ஆயனை எவ்வளவு அறிவான்?

ஆகையால் இந்த வாரம் உங்களுக்கு ஒரு சிறு பயணத்தைச் சொல்லுகிறேன். குடும்பமாய்ப் புறப்பட்டு ஒரு நாள் ஆட்டுக்காரரோடு நடந்து, அவர் உண்பதை அவரோடு உண்டு திரும்புங்கள். இது விசித்திரமான யோசனையல்ல. ஆடு மேய்ப்பவர்களோடு நாட்டுப்புறத்திலே நடந்து, அவ்வூர்ப் பண்டங்களை ருசிபார்த்துத் திரும்புவதற்குப் பட்டணத்தார் காசு கொடுக்கிற காலம் இது. ஸ்பெயின் தேசத்து மாட்ரிட் நகரத்தில் 1994ம் ஆண்டு முதல், ஆண்டுதோறும் ஆட்டு மந்தைகளை நடுவீதிகளின் வழியாக ஓட்டிப்போகிறார்கள். அந்த வீதிகளில் மந்தைகளுக்குப் பழைய வழியுரிமை உண்டு. 1418ம் ஆண்டு உடன்படிக்கையின்படி 1,000 ஆட்டுக்கு 50 மரவேதி நாணயம் நகரசபைக்குச் செலுத்தி அந்த உரிமையை நினைப்பூட்டுகிறார்கள். பருவத்துக்குப் பருவம் மந்தையை இடம் மாற்றி ஓட்டிச் செல்லும் வழக்கத்தை, இத்தாலி, கிரேக்கம், ஆஸ்திரியா தேசங்களின் பெயரால் 2019ம் ஆண்டில் யுனெஸ்கோ சபை மனுக்குலத்தின் மரபுச் செல்வங்களில் ஒன்றாகப் பதிந்தது. மேய்ச்சல் நிலங்களுக்கும் மேய்ப்பவர்களுக்கும் உரிய சர்வதேச ஆண்டாக 2026ம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை 2022ம் ஆண்டிலேயே அறிவித்தது.

நம் நாட்டைப் பாருங்கள். 2019ம் ஆண்டுக் கால்நடைக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் வெள்ளாடுகள் ஏறத்தாழ 99 லட்சம். செம்மறிகள் ஏறத்தாழ 45 லட்சம். இராமநாதபுரம், சிவகங்கைச் சீமைகளிலிருந்து கீதாரிகள் குடும்பத்தோடு புறப்பட்டு, காவிரிப் பாசன வயல்களில் அறுவடை முடிந்ததும் கிடை போடுகிறார்கள். இரவெல்லாம் ஆடுகள் வயலில் அடைந்து கிடக்க, புழுக்கையும் சிறுநீரும் மண்ணுக்கு உரமாகின்றன. அதற்காக வயல்காரர் கூலி கொடுக்கிறார். நீங்கள் உண்ணும் அரிசியிலே பெயர் தெரியாத ஆயன் ஒருவருடைய உழைப்பும் கலந்திருக்கக்கூடும்.

"அதெல்லாம் தூரத்துக் கதை, சிட்லபாக்கத்தில் ஆடு ஏது?" என்று கேட்பீர்கள். நம் ஊர் எப்படி இருந்தது என்பதை முதியோர்களிடம் கேட்டுப் பாருங்கள். ஏரியும், ஏரி பாய்ந்த வயலும், வயலுக்கு அப்பால் புறம்போக்கும் புதருமாய் இருந்த ஊர் இது. வயல்கள் மனைகளாகி, மனைகள் வீடுகளாகி, அந்த வீடுகளில்தான் நீங்களும் நானும் குடியிருக்கிறோம். ஏரியும் சுருங்கிற்று, அதன் ஓரத்தில் ஆண்டுக்கணக்காய்க் குப்பை குவிந்தது. 2019ம் ஆண்டுக் கோடையில் ஏரி வறண்டபோது ஊர் மக்களே இறங்கித் துப்புரவு செய்ததும், அந்த ஆண்டிலேயே ஏரியைச் சீர்படுத்த அரசு 25 கோடி ரூபாய் ஒதுக்கியதும் உங்களுக்கு நினைவிருக்கும். 2021ம் ஆண்டு நவம்பரில் நம் பேரூராட்சி தாம்பரம் மாநகராட்சியோடு சேர்ந்தது.

நம் ஏரி நிரம்பி வழிந்தால் தண்ணீர் செம்பாக்கம் ஏரிக்குப் போகிறது. அங்கிருந்து ஏரி ஏரியாய் இறங்கிப் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தைச் சேருகிறது. 2022ம் ஆண்டில் ராம்சார் பட்டியலில் இடம்பெற்ற அதே சதுப்பு நிலந்தான். தண்ணீருக்கு ஒரு வழி இருப்பதுபோல ஆட்டுக்கும் ஒரு வழி உண்டு. ஏரிக்கரையும், வாய்க்கால் ஓரமும், கோடையில் நீர் வற்றிய இடத்தில் முளைக்கும் புல்லும், கட்டடம் எழும்பாத காலிமனையும் ஆட்டின் வழி. மாடம்பாக்கம், வேங்கைவாசல், அகரம்தென் பக்கமாய்க் கொஞ்சம் தள்ளிப் போய்ப் பாருங்கள். பத்து இருபது உருப்படிகளை ஓட்டிக்கொண்டு, தலையிலே துண்டும், கையிலே துறட்டியும், தோளிலே தூக்குவாளியுமாய்ப் போகிற ஒருவர் தென்படுவார். பல இடங்களில் அவர் ஒரு பெரியம்மாவாகவும் இருப்பார். அவரைத்தான் தேடிப் போங்கள்.

எப்படிப் போவதென்று சொல்லுகிறேன். முந்தின நாளே போய் அனுமதி கேளுங்கள். "ஏய், ஆட்டுக்காரா" என்று கூப்பிட வேண்டாம். "ஐயா", "அண்ணா", "அம்மா" என்று அழையுங்கள். "நாளைக்கு உங்களோடு நாங்களும் நடந்து வரலாமா?" என்று கேளுங்கள். ஆச்சரியப்படுவார், சிரிப்பார், பிறகு சம்மதிப்பார். உங்களுக்குச் சொல்லிக் கொடுப்பதற்காக அவர் செலவிடும் நாளுக்குத் தக்க கூலியைப் பேசிக் கொடுத்துவிடுங்கள். உழைக்கிறவனுக்குக் கூலி உரியது என்பது நமதாண்டவருடைய போதனை.

முதலாவது, நடையைப் பார்ப்போம்.

நீங்கள் விடியற்காலையில் போய் நின்றால் அவர் இன்னும் பட்டியைத் திறந்திருக்கமாட்டார். சோம்பல் என்று எண்ணாதீர்கள். பனி ஈரம் காயாத புல்லை மேய்ந்தால் ஆட்டுக்கு வயிற்றுப் புழு பற்றும் என்பதால், வெயில் ஏறிப் புல் உலர்ந்தபின்தான் அவிழ்த்து விடுவார். கால்நடை வைத்தியர்களும் அதையே சொல்லுகிறார்கள். பள்ளிக்கூடம் போகாத ஒரு பெரியவருடைய பொறுமைக்குள்ளே எவ்வளவு கல்வி அடங்கியிருக்கிறது பாருங்கள்!

மந்தை நகரத் தொடங்கும். பிள்ளைகளை அருகே அழைத்துக் காட்டுங்கள். மந்தையில் செம்மறியும் வெள்ளாடும் கலந்து நிற்கும். செம்மறி என்றால் படத்திலே காண்பதுபோல் வெள்ளைக் கம்பளி மூடியிருக்கும் என்று நினைத்தவர்கள் ஏமாந்து போவார்கள். செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவள்ளூர் சீமைகளுக்கே உரிய செம்மறி இனத்துக்கு மெட்ராஸ் சிவப்பு என்று பெயர். அதன் உடம்பில் கம்பளி இல்லை. வெள்ளாட்டைப்போலக் குட்டை மயிர்தான். நமக்குத் தெற்கே காட்டுப்பாக்கத்திலுள்ள கால்நடை ஆராய்ச்சி நிலையத்தார் இந்த இனத்தைப் பேணி ஆராய்ந்து வருகிறார்கள். அப்படியானால் வித்தியாசம் கண்டுபிடிப்பதெப்படி? வாலைப் பாருங்கள் என்பார் ஆட்டுக்காரர். வெள்ளாட்டின் வால் மேல்நோக்கி நிற்கும். செம்மறியின் வால் கீழ்நோக்கித் தொங்கும். மேய்ச்சலிலும் பேதம் உண்டு. செம்மறி தலையைக் குனிந்து தரையிலுள்ள புல்லைக் கறிக்கும். வெள்ளாடு தலையை நிமிர்த்தி, முன்னங்கால்களை மரத்தில் ஊன்றித் தழையைப் பறிக்கும்.

வெள்ளாடு எதையும் தின்னும் என்று சொல்லுவது தவறு. தின்னாத தழைகளும் உண்டு. ஆடு தொடாததால்தான் ஆடாதொடைக்கு அந்தப் பெயர் வந்தது என்று பெரியோர் சொல்லுவார்கள். ஆடுதின்னாப்பாளை என்றே ஒரு மூலிகைக்குப் பெயர் விழுந்திருக்கிறது. இருமலுக்கு ஆடாதொடைக் கஷாயம் குடித்தவர்கள் உங்களில் இருப்பீர்கள். தாம்பரம் சானடோரியத்தில் 2005ம் ஆண்டு முதல் தேசிய சித்த மருத்துவ நிறுவனம் நடந்து வருகிறது. அந்த மருத்துவத்திலே ஆடாதொடைக்குப் பெரிய இடம் உண்டு. அதன் பெயரிலோ ஆட்டின் நினைவு ஒட்டிக்கொண்டிருக்கிறது.

ஆட்டுக்காரர் எங்கே நடக்கிறார் என்பதையும் கவனியுங்கள். அர்ச். அருளப்பர் சுவிசேஷத்து ஆயன் ஆடுகளுக்கு முன்னே நடந்து போகிறார். நம் ஊர் ஆட்டுக்காரர் புதுவழி பிடிக்கும்போது முன்னே போவார். சாலையைக் கடக்கும்போது நடுவிலே நிற்பார். மற்ற நேரமெல்லாம் பின்னேதான் வருவார். ஏன் பின்னே? நொண்டுகிறதும், சினையாயிருக்கிறதும், இளங்குட்டியும் பின்தங்குகிறது அங்கேதான். வெள்ளாடு ஐந்து மாதம் சுமந்து குட்டி போடும்; பல வேளை இரட்டைக் குட்டி. மேய்ச்சல் வழியிலேயே ஈன்றுவிட்டால் அன்று மாலை குட்டி அவர் தோளிலோ கையிலோதான் வீடு திரும்பும். காலஞ்சென்ற பாப்பரசர் பிரான்சிஸ் 2013ம் ஆண்டில் எழுதிய நிருபத்தில், ஞானமேய்ப்பர் சில வேளை மந்தைக்கு முன்னும், சில வேளை நடுவிலும், சில வேளை பின்தங்கியவர்களுக்குத் துணையாகப் பின்னும் நடக்க வேண்டும் என்று உபதேசித்தார். அதே ஆண்டு பெரிய வியாழக்கிழமையன்று, குருக்கள் மேய்ப்பர்களாயிருந்து ஆட்டின் வாடை தங்கள்மேல் வீசும்படி வாழவேண்டும் என்று பிரசங்கித்தார். உங்கள் பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொள்ளும்போது இதைச் சொல்லுங்கள். அந்த வாடை அழுக்கல்ல. ஒருவர் தம் ஆடுகளோடேயே இருந்தார் என்பதற்கு அது சாட்சி.

தகப்பன்மாரே, இது குருக்களுக்கு மாத்திரம் சொன்னதென்று நழுவாதீர்கள். வீடும் ஒரு மந்தை. எப்போதும் முன்னே நின்று அதிகாரம் செய்கிறவருக்குப் பின்தங்கிய பிள்ளை கண்ணில் படாது. பரீட்சையில் தோற்ற மகன், வேலை கிடைக்காத மகள், படுக்கையிலிருக்கிற பாட்டி இவர்களெல்லாம் எங்கே நிற்கிறார்கள்? பின்னே வந்து பாருங்கள்.

இரண்டாவது, உணவைப் பார்ப்போம்.

உச்சிவேளையில் மந்தை நிழலுக்கு ஒதுங்கும். காலையெல்லாம் அவசரமாய் விழுங்கினதை ஆடுகள் படுத்து அசை போடும். அப்போது ஆட்டுக்காரர் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து தூக்குவாளியைத் திறப்பார். உள்ளே பெரும்பாலும் கேழ்வரகுக் கூழ் இருக்கும். இல்லாவிட்டால் பழைய சோறு. கேழ்வரகு மாவை முந்தின நாளே கரைத்துப் புளிக்கவைத்து, நொய்யரிசியை வேகவிட்டு, அதிலே மாவை ஊற்றிக் கட்டி விழாமல் துழாவி இறக்கி, ஆறினதை மறுநாள் மோரும் உப்பும் சேர்த்துக் கையால் கரைத்தால் கூழ். தொட்டுக்கொள்ளச் சின்ன வெங்காயம், மோர்மிளகாய், வாய்த்தால் ஒரு கீற்று மாங்காய் அல்லது ஒரு துண்டு கருவாடு. பெரிய வெள்ளிக்கிழமையன்று கோயில் வாசலில் கஞ்சி குடித்த நமக்கு இது முற்றிலும் அந்நியமல்ல. வழியிலே அவர் பறித்துக் கொடுக்கும் பண்டங்களும் உண்டு: மாசி முதல் சித்திரை வரை கொடுக்காப்புளி, வெயில் முற்றினால் நுங்கு, அதற்குப்பின் ஈச்சம்பழம், புதரோரத்தில் களாக்காய். முள்ளில் கை கீறாமல் பறிப்பதும் ஒரு வித்தை, பிள்ளைகள் கற்றுக்கொள்ளட்டும்.

இனிதான் நீங்கள் கவனமாயிருக்க வேண்டிய நேரம் வருகிறது. அவர் வாளியிலிருப்பது ஒருவருக்கு அளந்து ஊற்றினது. ஆனாலும் உங்களைப் பார்த்து, "நீங்களும் கொஞ்சம் குடிங்க" என்பார். வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள். ஒரு துளியை நாவில் தொட்டு, முகத்தைச் சுளித்து, படம் பிடித்துக்கொண்டு திரும்புகிறது ருசி பார்த்தலாகாது. அது ஒரு மனிதனை அவமதிப்பது. தரையிலே உட்காருங்கள். அவர் கொடுக்கிற பாத்திரத்தை இரு கையாலும் வாங்குங்கள். உங்கள் கட்டுச்சோற்றை அவிழ்த்து முதற்பங்கை அவருக்கு வையுங்கள். கூழுக்குக் காசு நீட்டாதீர்கள், அவர் வாங்கமாட்டார். கூலி வேறே, விருந்து வேறே என்பது அவருக்குத் தெரியும்.

அர்ச். லூக்காஸ் எழுதின சுவிசேஷத்தின் கடைசி அதிகாரத்தை நினைத்துப் பாருங்கள். உயிர்த்த நாளிலே இரண்டு சீடர்கள் எம்மாவுஸ் ஊருக்கு நடந்து போனார்கள். ஏறக்குறைய 11 கிலோமீட்டர் வழி. அந்நியர் ஒருவர் கூட நடந்து வந்தார். அவர் பேசப்பேச அவர்கள் இருதயம் சூடேறியும் ஆளை அறிந்துகொள்ளவில்லை. பந்தியிலே உட்கார்ந்து அப்பத்தைப் பிட்டபோதுதான் கண் திறந்தது. அதற்குமுன் அவர்கள் செய்த ஒரு காரியத்தை நாம் மறந்துவிடுகிறோம். பொழுது சாய்ந்த நேரத்தில் அந்த அந்நியரை வருந்தி அழைத்துத் தங்கச் சொன்னார்கள். அழைக்காமல் விட்டிருந்தால் ஆண்டவர் தம் வழியே போயிருப்பார். அவர்களும் தங்கள் வழியே போயிருப்பார்கள். கூட நடந்ததும் கூட உண்டதும் அவர்களுக்குத் திவ்விய தரிசனமாயிற்று.

மூன்றாவது, நாம் பட்ட கடனைப் பார்ப்போம்.

அர்ச். மத்தேயு சுவிசேஷம் 25ம் அதிகாரத்தில் நமதாண்டவர் கடைசித் தீர்வையை ஆயனுடைய வேலைக்கு ஒப்பிடுகிறார். மாலையில் ஆயன் செம்மறிகளை ஒருபுறமும் வெள்ளாடுகளை மறுபுறமும் பிரிப்பதுபோல மனுமக்கள் பிரிக்கப்படுவார்கள். எதைக் கொண்டு பிரிப்பார்? பசித்தவனுக்குக் கொடுத்த உணவு, தாகமாயிருந்தவனுக்குக் கொடுத்த தண்ணீர், அந்நியனுக்குத் திறந்த கதவு ஆகிய இவற்றைக் கொண்டே பிரிப்பார். வேப்பமர நிழலில் நடந்ததை இப்போது அந்த நியாயஸ்தலத்திலே வைத்துப் பாருங்கள். அந்நியர்களாய் வந்தது நீங்கள். பசியோடு உட்கார்ந்தது நீங்கள். தன் வாளியிலிருந்து பங்கிட்டுக் கொடுத்தவர் அவர். ஏழைக்கு உதவப் போகிறோம் என்ற எண்ணத்தோடு புறப்பட்ட நமக்கு, இரக்கத்தின் முதற்கிரியையை அந்த ஏழையே முந்திக்கொண்டு செய்துவிட்டார். அவருக்குச் சுவிசேஷம் தெரிந்திருக்கலாம், தெரியாதிருக்கலாம், அதன்படி நடந்தார்.

அதே மனிதர் நம் வீதிக்கு வந்து, வாசற்கதவைத் தட்டி, ஆட்டுக்கு ஒரு வாளித் தண்ணீர் கேட்டால் என்ன நடக்கிறது? மாடியிலிருந்து ஒரு குரல் அதட்டுகிறது, நாயை ஏவிவிடுகிறார்கள். செடியைக் கடித்துவிடும் என்பது நியாயமான பயந்தான். கதவைச் சாத்திக்கொள்ளுங்கள், தவறில்லை. ஆனால் தண்ணீரைக் கொடுத்துவிட்டுச் சாத்துங்கள். கிறிஸ்துமஸ் குடிலிலே மண்ணால் செய்த இடையனைத் துடைத்து, வைக்கோலில் நிறுத்தி, விளக்குப் போடுகிறோம். தேவபாலன் பிறந்த செய்தி முதன்முதல் சேர்ந்தது இராக்காவல் காத்திருந்த இடையர்களிடத்தில் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறோம். மண் இடையனுக்கு மரியாதையும் உயிருள்ள இடையனுக்கு அதட்டலும் கொடுப்பது கிறிஸ்தவர்களுக்கு அடுக்குமா?

கடன் இதோடு தீரவில்லை. அவருடைய ஆடு சாகிறதற்கு நம் வீட்டுக் குப்பையும் ஒரு காரணம். மீந்த சோற்றையும் காய்த்தோலையும் பிளாஸ்டிக் பையிலே முடிந்து ஏரியோரத்தில் எறிகிறோம். உள்ளே இருக்கிற உணவின் வாசனைக்கு ஆடு பையோடு விழுங்குகிறது. பை செரிக்காது, அசை போடவும் வராது, நாளுக்கு நாள் இரைப்பையில் சேர்ந்து அடைத்துக்கொள்ள, வயிறு உப்பி, தீனி எடுக்காமல் ஆடு மெலிந்து சாகிறது. ஒருமுறை உபயோகித்து எறியும் பிளாஸ்டிக்கைத் தமிழ்நாடு அரசு 2019ம் ஆண்டு ஜனவரி 1ம் தேதி முதல் தடை செய்திருக்கிறது. 2021ம் ஆண்டு டிசம்பரில் மஞ்சப்பையை மீண்டும் எடுக்கச் சொல்லி ஓர் இயக்கமும் தொடங்கிற்று. அப்படியிருந்தும் ஏரிக்கரையைப் போய்ப் பாருங்கள். ஆட்டை ஏழையின் பசு என்பார்கள். அது அவருக்குப் பால், அவசரத்துக்குப் பணம், ஜூன் மாதத்தில் பள்ளிக்கூடச் செலவு, மகளுக்குக் கலியாணச் செலவு. நாம் எறிந்த ஒரு பை இத்தனையையும் கொன்றுவிடக்கூடும். அவர் வழக்குப் போடமாட்டார். யார் வீட்டுப் பை என்று அவருக்குத் தெரியாது. சர்வேசுரனுக்குத் தெரியும்.

மேய்ச்சல் நிலத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. கிராமக் கணக்கிலே மேய்க்கால் புறம்போக்கு என்று எழுதி வைத்த நிலங்கள் ஊர் ஆடு மாடுகளுக்கென்று முன்னோர் விட்டு வைத்தவை. சொந்த வீட்டுக்காக நாம் சேமித்ததும் கடன் வாங்கியதும் பாவமல்ல. ஆனால் நம் வீடுகள் எழும்பின மண்ணிலே ஒரு காலத்தில் ஏர் ஓடிற்று, மந்தை நடந்தது என்பதை மறப்பது நன்றிகேடு. இன்னும் மீந்திருக்கிற ஏரிக்கரையையும் வாய்க்கால் ஓரத்தையும் பொது நிலத்தையும் அடைத்துக்கொள்ளாதிருப்பதும், பிறர் அடைத்தால் முறைப்படி மனுக் கொடுத்துக் கேட்பதும் நீதியைச் சேர்ந்த கடமை. அந்த மண்ணுக்கு நாம் பின்னாலே வந்த விருந்தாளிகள்.

இந்த வாழ்க்கையை இனிப்புப் பூசிப் பார்க்கவும் வேண்டாம். வெயிலிலே ஒரு நாள் நடந்து கால் கடுத்துத் திரும்புகிற உங்களுக்கு அது ஒரு அனுபவம். அவருக்கு ஓய்வுநாள் கிடையாது. மழையிலும் நடக்க வேண்டும். ஆட்டுக்கொல்லி நோய் வந்தால் பட்டியே காலியாகும். பெருஞ்சாலையைக் கடக்கும்போது ஒரு வண்டியின் அவசரம் போதும், ஒரு வருஷத்து உழைப்பு நசுங்கிப்போக. தம் மகன் இந்த வேலைக்கு வரவேண்டாம் என்று சொல்லுகிற ஆட்டுக்காரர்கள் அநேகர். அவர்களுக்குத் தேவையானது நம்முடைய பச்சாதாபமல்ல. மரியாதையும், நியாயமான விலையும், தடையில்லாத வழியுமே. ஆகையால் பாஸ்குத் திருநாளுக்கோ கலியாணத்துக்கோ ஆடு வாங்கப் போகும்போது, பெரிய கடையில் எழுதின விலையைப் பேசாமல் கொடுக்கிற நாம், மரத்தடியில் நிற்கிற மனிதரிடம் நூறு ரூபாய்க்காக நாழிகைக் கணக்காய் வாதாடாதிருப்போமாக.

பிரியமானவர்களே, பாஸ்குத் திருநாளுக்குப்பின் நல்ல ஆயன் ஞாயிறு வருகிறது. 1964ம் ஆண்டு முதல் அந்த ஞாயிறு தேவ அழைத்தலுக்காக உலகமெங்கும் ஜெபிக்கிற நாளாகவும் இருக்கிறது. நல்ல மேய்ப்பர்களைத் தரும்படி மன்றாடும் நாளுக்கு முன், மேய்ப்பது எப்படிப்பட்ட வேலை என்பதை நம் பிள்ளைகள் ஒருமுறை கண்ணால் காணட்டும்.

ஆகையால் மூன்று நற்பிரதிக்கினைகளை உங்கள் முன் வைக்கிறேன். ஒன்று: அந்த ஞாயிறு வருமுன் ஒரு சனிக்கிழமை குடும்பமாய்ப் போய் ஓர் ஆட்டுக்காரரோடு நடந்து, அவரோடு உட்கார்ந்து உண்ணுங்கள். பெயரைக் கேட்டு வாருங்கள். அடுத்த முறை பெயர் சொல்லிக் கும்பிடுங்கள். நல்ல ஆயன் தம் ஆடுகளைப் பெயர் சொல்லி அழைக்கிறார். அவருடைய சீடர்கள் ஆயனுடைய பெயரையாவது அறிய வேண்டாமா? இரண்டு: வீட்டு மிச்சத்தைப் பிளாஸ்டிக் பையில் முடிந்து வெளியே எறிகிற வழக்கத்தை இன்றே விட்டுவிடுங்கள். மூன்று: வெயில் காலம் முழுவதும் வாசலுக்கு வெளியே ஒரு தொட்டித் தண்ணீர் வையுங்கள். காலையிலே அதைக் கழுவி நிரப்புகிற வேலை பிள்ளைகளுடையதாகட்டும்.

இரவு ஜெபத்திலே அந்த மனிதரையும் அவர் குடும்பத்தையும் அவருடைய வாயில்லாச் சீவன்களையும் நினைத்துக்கொள்ளுங்கள். பின்தங்கினதைத் தேடி வருகிற நல்ல ஆயனாகிய சேசுநாதர் உங்களையும் உங்கள் வீட்டாரையும் ஆசீர்வதித்து, மெய்யான மேய்ச்சலிலே கொண்டு சேர்ப்பாராக.

ஆமென்.